காலடி இறால்

எனக்கு எழுபத்து மூன்று வயது. பெற்றது நாலு, வளர்த்தது ஏழு. மிச்சம் மூன்றும் யார் வயிற்றில் பிறந்தவை என்று கேட்டால் அவர்களுக்கே யோசித்துத்தான் சொல்ல வரும், அப்படி வளர்த்தேன். பள்ளிக்கூடம் இரண்டாம் வகுப்போடு சரி. என் பெயரை எழுதுவேன். பஸ்ஸின் நெற்றியில் திருப்பாலைவனம் என்றிருந்தால் எழுத்துக்கூட்டிப் படித்து ஏறுவேன். அதற்குமேல் எழுத்துக்கும் எனக்கும் பழக்கமில்லை. அதனால் நான் சொல்கிறேன், பேத்தி எழுதுகிறாள். நான் பேசுகிற மாதிரி எழுதாதே, புத்தகத்தில் எழுதுகிற மாதிரி எழுது என்று சொல்லியிருக்கிறேன். அன்றைக்கு இருந்தவர்கள் பேசியதை மட்டும் அவர்கள் வாயில் வந்தபடியே போடச் சொன்னேன். அவர்கள் பேச்சைத் திருத்த எனக்கும் உரிமையில்லை, அவளுக்கும் இல்லை.

சொல்லப்போவது என் சின்னம்மாவைப் பற்றி. அம்மாவின் கூடப்பிறந்த தங்கை. ஆனால் அதற்கு முன்னால் ஏரியைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும்.

எங்கள் ஊருக்குக் கிழக்கே கடல், மேற்கே ஏரி. நடுவில் ஒரு நீட்டு மணல். அதன்மேல்தான் எங்கள் வீடுகள். ஆண்கள் கிழக்கே போவார்கள், பெண்கள் மேற்கே போவோம். கடலைப் போல ஏரியில் ஆழம் கிடையாது. பல இடங்களில் முழங்கால், சில இடங்களில் இடுப்பு. முகத்துவாரத்துக்குப் போகிற ஓடை ஒன்று மட்டும் ஆழம். அதில் வத்தம் இழுக்கும்போது, அதாவது ஏரித் தண்ணீர் கடலுக்குத் திரும்பும்போது, நீந்தத் தெரிந்த ஆணும் காலை வைக்க யோசிப்பான்.

அந்தத் தண்ணீருக்கு அடியில் எல்லாம் இஷ்டத்துக்குச் சிதறிக் கிடக்கும் என்றுதான் வெளியூர்க்காரர்கள் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. மட்டி என்கிற சிப்பி குவியலாக இருக்கும். ஒரு மட்டி காலில் இடறினால் அங்கேயே உட்கார்ந்து கூடையை நிரப்பலாம். நாலு எட்டு தள்ளிப் போனால் பேருக்கு ஒன்று இருக்காது. களிநண்டுக்கு அந்தக் குணம் கிடையாது. ஒரு வளைக்குப் பக்கத்தில் இன்னொன்று வந்து வளை தோண்டினால் இரண்டில் ஒன்றுக்குக் கொடுக்கு மிஞ்சாது. அதனால் தள்ளித் தள்ளித்தான் இருக்கும். ஒரு வளையைப் பார்த்தால் அடுத்தது எங்கே என்று கண்ணாலேயே அளந்துவிடலாம். பறவைகளிலும் அப்படித்தான். பூநாரை ஒன்றையொன்று இடித்துக்கொண்டு நிற்கும். சாம்பல் நாரைகள், கல்யாணத்தில் மனஸ்தாபப்பட்ட சம்பந்திகள் மாதிரி, முகம் பார்க்காமல் தூரத் தூர நிற்கும்.

இறால்தான் இந்த இரண்டிலும் சேராதது. அதற்குக் கூட்டமும் முக்கியமில்லை, தனிமையும் முக்கியமில்லை. பகலில் ஒடுங்க ஒரு பள்ளம் வேண்டும், அவ்வளவுதான். சமதரையில் அங்கே ஒன்று இங்கே ஒன்று என்று திரியும். எங்கே ஒரு பள்ளம் இருக்கிறதோ அங்கே வந்து புகுந்துகொள்ளும். அந்தப் பள்ளத்தைப் பண்ணிக் கொடுப்பது எங்கள் கால்.

காலையில் பெண்கள் வரிசையாக ஏரிக்குள் இறங்கி, களித்தரையில் காலை அழுத்தி அழுத்தி நடப்போம். காலடி காலடியாகக் குழி விழும். ஓரிடத்தில் போய் நின்று, கலங்கல் அடங்குகிற வரைக்கும் வெற்றிலை போடுவோம், ஊர்வம்பு பேசுவோம். அதற்குள் இறால் குழிக்குள் வந்துவிடும். திரும்பி வரும்போது தண்ணீரில் குந்தியபடி, அவரவர் காலடியை அவரவர் தடவி, இரண்டு கையாலும் பொத்திப் பிடிக்க வேண்டும். பிடித்த இறாலைப் போட ஓலையில் பின்னிய பை இருக்கும். பறி என்போம். இரண்டு கையும் வேலையில் இருப்பதால் பறியின் கயிறு பல்லில் இருக்கும். திரும்பும்போது யாரும் பேச மாட்டார்கள். பேசினால் பறி விழுந்துவிடும்.

இதில் சட்டம் ஒன்றே ஒன்றுதான். அவளவள் காலடி அவளவளுடையது. இன்னொருத்தி காலடியில் கை வைப்பது அவள் அடுப்பில் கை வைப்பது மாதிரி. காலடிகள் கலந்துவிடக் கூடாது என்பதற்காகத்தான் வரிசையில் இடைவெளி விடுவோம். நானும் நீயும் கையை நீட்டினால் விரல் நுனி படக் கூடாது. அந்த அளவுக்குத் தள்ளித்தான் ஒவ்வொருத்தியும் நடப்பாள். தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ நூல் பிடித்து நட்டுவைத்த மாதிரி இருக்கும்.

சின்னம்மாவை ஏரிக்கு அந்தப் பக்கம், ஆந்திராவில் ஓர் ஊரில் கட்டிக் கொடுத்திருந்தார்கள். பிள்ளை இல்லை என்று அவள் புருஷன் இன்னொருத்தியைக் கொண்டுவந்துவிட்டார். சின்னம்மா ஒரு துணி மூட்டையோடு எங்கள் வீட்டுக்கு வந்தாள். போ என்று யாரும் சொல்லவில்லை. இரு என்றும் யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. நைனா, அதாவது என் அப்பா, மட்டும் கூரையில் ஒரு பக்கம் கீற்றை நீட்டி இறக்கிக் கட்டினார். அந்த இடத்தில் அவள் படுத்துக்கொண்டாள். மறுநாளே அம்மாவோடு வரிசையில் இறங்கிவிட்டாள். வேறு எதில் இடம் இல்லாவிட்டாலும் வரிசையில் ஓர் இடம் அவளுக்கு இருந்தது. அம்மாவுக்கு அடுத்தது அவள்.

வரிசைக்கு முதல் ஆள் என் அத்தை. நைனாவுக்கு அக்கா. எந்தப் பக்கம் இறங்குவது, எங்கே நின்று திரும்புவது எல்லாம் அவள் வாயில் வருவதுதான். அவள் குரல் கரையில் பேசினால் படகில் கேட்கும். நான் அந்த வருஷம்தான் முதல்முதலாக வரிசையில் சேர்ந்திருந்தேன். எட்டு ஒன்பது வயது இருக்கும். எனக்கென்று தனி இடம் கிடையாது; அம்மாவை ஒட்டியே நடக்க வேண்டும். என் காலடியும் அம்மா கணக்குத்தான்.

தை மாதத்தில் ஒரு நாள், திரும்பித் தடவிக்கொண்டு வருகையில் அம்மா சட்டென்று நிமிர்ந்தாள். பல்லிலிருந்த கயிற்றைக் கையில் எடுத்துக்கொண்டாள். அவள் காலடிகள் வரிசையாகக் காலியாக இருந்தன. பக்கத்தில் பார்த்தால் சின்னம்மா தன் கோட்டை விட்டு இந்தப் பக்கம் சாய்ந்து, அம்மாவின் காலடியில் கையை விட்டுக்கொண்டிருந்தாள்.

"இன்னாமே பண்றே நீ?"

சின்னம்மா பறியைக் கையில் பிடித்துக்கொண்டு விழித்தாள். "எக்கா, இது என் காலு."

"உன் காலு தோ அங்க போவுது. இது என் காலு."

"தடவி பார்த்தேன்க்கா. என் காலு மாதிரிதான் கீது."

கலங்கின தண்ணீரில் கண்ணுக்கு வேலை இல்லை, கைதான் கண் என்பது அம்மாவுக்குத் தெரியாததல்ல. ஆனால் அன்றைக்கு அவள் பறியில் கால் பங்குகூட இல்லை. சின்னம்மாவின் பறி தொங்கியது. அம்மா சொன்னாள்:

"வூட்டுலயும் பங்கு, தண்ணியிலயும் பங்காமே?"

வரிசை முழுக்க நின்றுவிட்டது. அம்மா அதைச் சொன்ன மாத்திரத்தில் வார்த்தையைத் திரும்ப எடுத்துக்கொள்ளப் பார்த்தாள் என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது. ஆனால் அத்தை விடுவாளா? வந்து நடுவில் நின்றாள்.

"இத பார்மே. வரிசைனா ஒரு ஒழுங்கு கீது. நாளையிலேர்ந்து நீ இதுல கால வெக்காதே. ஏரி பெருசாத்தான் கீது. எங்கயாவது தனியா தடவிக்கோ."

சின்னம்மா தன் பறியிலிருந்ததை அம்மாவின் பறியில் கொட்டினாள். கொஞ்சம் தண்ணீரில் சிந்தியது. அம்மா பறியை நீட்டவும் இல்லை, விலக்கவும் இல்லை.

வீட்டில் அன்றைக்கு எல்லோரும் நல்லபடியாகவே பேசிக்கொண்டோம். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. அக்காவும் தங்கையும் ஒரு நாளைக்கு ஏழெட்டுத் தடவை சண்டை போடுவார்கள். உப்பு ஏன் தூக்கலாகப் போட்டாய் என்பதிலிருந்து உன் மாமியார் யோக்கியதை தெரியாதா என்பது வரைக்கும் போகும். அன்றைக்கு ஒன்றும் இல்லை. "கொழம்பு ஊத்தட்டுமாக்கா?" "போதும்மா." சின்னம்மாவை அம்மா 'மா' போட்டுக் கூப்பிட்டு நான் கேட்டதே இல்லை.

மறுநாள் காலையில் வரிசை இறங்கியது. சின்னம்மா எங்களோடு வரவில்லை. வடக்கே, பழைய வலைக்கம்புகள் நட்டிருந்த பக்கம் தனியாக இறங்கினாள். நாங்கள் போகப் போக அவளும் போனாள். நூல் பிடித்த வரிசையை விட்டு ஒரு மணி மட்டும் அறுந்து விழுந்த மாதிரி அவள் தெரிந்தாள். அம்மா ஒவ்வோர் எட்டுக்கும் வடக்கே பார்த்தாள். "நேரா நட மே, கோடு வளையுது," என்று அத்தை அதட்டினாள்.

போய் நின்றோம். வெற்றிலைப் பை திறந்தது. அன்றைக்கு யாரும் வம்பு பேசவில்லை. கொஞ்ச நேரம் கழித்து சின்னம்மா திரும்பித் தடவ ஆரம்பித்தது தெரிந்தது. தலை மட்டும் தண்ணீருக்கு மேல். அப்புறம் மேற்கேயிருந்து பனி வந்தது.

தை மாதத்துப் பனி எங்களுக்குப் புதிதல்ல. ஆனால் வெயில் வந்த பிறகு வருகிற பனி கெட்டது. முதலில் தூரத்துப் பறவைகள் மறைந்தன. அப்புறம் வலைக்கம்புகள். அப்புறம் சின்னம்மாவின் தலை. அடுத்து நின்ற பெண்ணின் முகமே வெள்ளைத் துணிக்குப் பின்னால் இருக்கிற மாதிரி ஆகிவிட்டது. கிழக்கே கேட்க வேண்டிய கடல் சத்தம் நாலு பக்கமும் கேட்டது. அதோடு கணுக்காலில் தண்ணீர் நகர ஆரம்பித்ததும் தெரிந்தது. வத்தம் தொடங்கிவிட்டது.

"தடவல் போதும்," என்றாள் அத்தை. "முந்தானைய புட்சிக்கோங்க. ஒருத்தி பின்னால ஒருத்தி. நான் முன்னால போறேன்."

கை எட்டாத தூரத்தில் நின்ற பெண்கள் எல்லாம் ஒரு நொடியில் மட்டி மாதிரி ஒன்றாக ஒட்டிக்கொண்டார்கள். அம்மா மட்டும் நின்ற இடத்திலேயே நின்றாள். வடக்கே பார்த்துக் கையைக் குவித்துக் கூப்பிட்டாள். பதில் இல்லை. இன்னொரு தடவை. அத்தையும் சேர்ந்து கூப்பிட்டாள். அந்தக் குரலுக்கும் பதில் இல்லை.

"கரைக்குப் போயிருப்பா மே. கம்புப் பக்கம் கரை கிட்டத்தானே. வா."

"நான் பாத்துட்டு வர்றேன் அண்ணி."

"பனியில நீ எங்கன்னு பாப்பே? வத்தம் வேற புட்சிக்கிச்சு. புள்ளய வெச்சிக்கினு."

"புள்ளய நீங்க இட்டுக்கினு போங்க."

நான் அம்மாவின் புடவையை விடவில்லை. அத்தை என் விரலைப் பிரித்துப் பார்த்தாள். நான் கத்தின கத்தலில் விட்டுவிட்டாள். பிறகு அந்த முந்தானை வரிசை ஒருவர் பின் ஒருவராகப் பனிக்குள் போய்விட்டது. கொஞ்ச நேரம் தண்ணீர் சலசலப்பு கேட்டது. அப்புறம் அதுவும் இல்லை.

அம்மா என்னைத் திட்டவில்லை. அதனால் எனக்கு அழவும் பயமாக இருந்தது. என் கையைத் தன் இடுப்புச் செருகலில் கோத்துவிட்டு, குனிந்து, தரையைத் தடவிக்கொண்டே வடக்குப் பக்கம் நகர்ந்தாள். எதைத் தேடுகிறாள் என்று எனக்குப் புரிய நேரமாயிற்று. காலடியைத் தேடினாள்.

வெறும் களி. களி. களி. பிறகு அவள் கை நின்றது. தடவினாள். அடுத்ததைத் தடவினாள். நிமிர்ந்தபோது முகம் வெளுத்திருந்தது.

"இது என் காலுடி," என்றாள் என்னிடம். "சுத்திக்கினு மறுபடி அதே எடத்துக்கு வந்துட்டோம்."

பனியில் எங்கள் பெண்கள் எதற்குப் பயப்படுகிறார்களோ அது அதுதான். ஆள் நேராகப் போவதாக நினைத்து வட்டமடிப்பாள். வட்டமடித்துக்கொண்டே ஆழத்துக்குப் போய்விடுவாள். அம்மாவுக்கு மூச்சு வாங்கியது. திரும்பவும் குனிந்து, அந்தக் காலடிக்கு இரண்டு பக்கமும் களியைத் தடவிப் பார்த்தாள். வலப்பக்கம் தடவினாள், இடப்பக்கம் தடவினாள். தடவிக்கொண்டே இருந்தாள்.

"உன் காலு இல்லையே," என்றாள்.

நான் நாள் முழுக்க அவளை ஒட்டித்தான் நடந்திருந்தேன். அவள் காலடி இருக்கிற இடத்தில் என் சின்னக் காலடி இருந்தாக வேண்டும். இதில் இல்லை. ஒற்றை ஆள் நடந்த கோடு. பெருவிரலைவிட அடுத்த விரல் நீண்ட கால், குதிகால் உள்பக்கம் சாய்ந்து அழுந்துகிற கால், எல்லாம் அம்மாவின் கால்தான். ஆனால் அம்மாவின் கால் இல்லை.

அம்மா அந்தக் குழிக்குள் கையை வைத்தபடியே கொஞ்ச நேரம் குந்தியிருந்தாள். பிறகு அதைப் பிடித்துக்கொண்டு நடக்க ஆரம்பித்தோம்.

முதலில் அந்தக் காலடிகள் நெருக்கமாக இருந்தன, இறாலுக்கு அழுத்தி நடக்கிற காலடிகள். சிலவற்றில் கை தோண்டின அடையாளமும் இருந்தது. சின்னம்மா அங்கே தடவி முடித்திருக்கிறாள். கொஞ்ச தூரத்தில் ஒரு வலைக்கம்பு பனிக்குள்ளிருந்து மூக்கை நீட்டியது. அதில் சின்னம்மாவின் பறி கட்டியிருந்தது. பாதிக்கு மேல் இறால். உள்ளே இன்னும் துள்ளிக்கொண்டிருந்தது. பல்லில் கடிக்கிற கயிற்றை இரண்டு சுற்றுச் சுற்றி, தண்ணீர் ஏறினாலும் இறங்கினாலும் போகாதபடி அழகாக முடிச்சுப் போட்டிருந்தாள். எவ்வளவு பத்திரமாகக் கட்டியிருக்கிறாள் என்று நான் நினைத்தேன். அம்மா அந்த முடிச்சைத் தொட்டுப் பார்த்தாள், என் கையை இடுப்புச் செருகலில் இன்னும் இறுக்கிக் கோத்தாள். பறியை அவிழ்க்கவில்லை.

கம்பைத் தாண்டியதும் காலடி மாறியது. நான் அம்மாவின் இடுப்பைப் பிடித்துக்கொண்டு போனதால் எனக்கே தெரிந்தது. அம்மா ஒன்றிலிருந்து அடுத்ததற்குக் கையை எட்டி எட்டி நீட்ட வேண்டியிருந்தது. தடவப் போகிறவள் வைக்கிற எட்டு அல்ல. எங்கேயோ போகிறவள் வைக்கிற எட்டு. அதுவும் வளையாமல் கொள்ளாமல் கோடு போட்ட மாதிரி ஒரே நேராகப் போயிற்று. இப்படிப்பட்ட பனியில் ஒருத்தி இவ்வளவு நேராக நடக்க முடியுமா என்று எனக்கு வியப்பாக இருந்தது.

அம்மாவின் கை ஒரு குழியில் நின்று விலகியது. அந்த இடத்தை நான் தாண்டும்போது என் காலில் ஏதோ துள்ளியது. இறால். அடுத்த குழியிலும் ஒன்று. இவ்வளவு நல்ல இறாலை விட்டுவிட்டுப் போகிறாளே என்று நினைத்தேன்.

"அம்மா, இறால் கீதும்மா."

"வாய மூடு."

அவளுக்கு அந்த இறால் வேறு சேதி சொல்லியது. இறால் வந்து புகுந்திருந்தால் காலடி விழுந்து நேரமாகிவிட்டது. நேரமாகிவிட்டதென்றால்... அவள் வேகமாகப் போனாள். தண்ணீர் என் மார்புக்கு வந்தது. கழுத்துக்கு வந்தது. என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். இனிமேல் குனிந்து தடவ முடியாது. முகம் தண்ணீருக்குள் போகும். அதனால் காலாலேயே தேடினாள். ஒரு காலைத் துழாவி, குழியைக் கண்டு, அதற்குள் தன் காலை வைப்பாள். அது பொருந்தும். பிறகு அடுத்தது. தங்கையின் காலடிக்குள் தன் காலை வைத்து வைத்து நடந்தாள். வத்தம் எங்களை முகத்துவாரத்துப் பக்கம் தள்ளிக்கொண்டே இருந்தது. அம்மாவின் இதயம் என் முட்டியில் இடித்தது எனக்கு நினைவிருக்கிறது.

ஒரு காலடியில் வைத்த காலைச் சட்டென்று எடுத்தாள். மறுபடி வைத்தாள். கால்விரலால் உள்ளே சுற்றித் துழாவினாள்.

"காலி," என்றாள். "இதுல இறால் இல்லே. இப்பத்தான் போயிருக்கா."

அதைச் சொல்லும்போது முதல்முறையாக அவள் குரல் வீட்டுக் குரலாக இருந்தது. அந்தத் தைரியத்தில் நான் அழ ஆரம்பித்தேன். நான் அழுத அழுகைக்குப் பனிக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது.

"யாரு அது? புள்ளயா?"

ஓடையின் விளிம்பு அது. சின்னம்மா அங்கே மார்பு அளவு தண்ணீரில், எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றிருந்தாள். தலை மட்டும் திரும்பியிருந்தது. அவிழ்ந்த முடி தண்ணீரில் வத்தத்தின் பக்கமே நீண்டு மிதந்தது. அம்மா கிட்டே போகவில்லை. கத்தவும் இல்லை. கை எட்டாத தூரத்தில் நின்றுகொண்டு, உலையில் அரிசி போட்டாயா என்று கேட்கிற மாதிரிக் கேட்டாள்.

"பறிய கம்புல மாட்டிட்டு வந்துட்டியே, அத யாரு தூக்கிக்கினு வர்றது? நானா?"

சின்னம்மாவின் தலை மறுபடி ஓடைப் பக்கம் திரும்பியது. அம்மா விடவில்லை.

"என் பறியே எனக்குப் பெரும்பாடு. இதுல உன்னுது வேற."

"புள்ளய எதுக்குக்கா இட்டாந்தே?" என்றாள் சின்னம்மா. பல் கிட்டிப் பேசினாள். "தண்ணி இழுக்குது. கரைக்கு இட்டுக்கினு போ."

"நீ வந்து வாங்கிக்கோ. எனக்கு இடுப்பு வுட்டுப்போச்சு."

யாரும் நகரவில்லை. தண்ணீர்தான் நகர்ந்தது. பிறகு அம்மா வேறு குரலில் சொன்னாள்.

"உன் காலத் தொட்டுட்டு என் காலுனு நெனச்சேன்மே. சுத்திக்கினு வந்துட்டோம்னு அப்டி பயந்துட்டேன். ரெண்டும் ஒரே அச்சுல கீது."

சின்னம்மா முழுசாக இந்தப் பக்கம் திரும்பினாள்.

"அதத்தானேக்கா நேத்து நான் சொன்னேன்."

"சொன்னே. நான் கேக்கல."

அப்போதுதான் அம்மாவின் கால் சறுக்கியது. உண்மையாகவே சறுக்கியதா என்று நான் பிற்பாடு பலமுறை யோசித்திருக்கிறேன், அம்மாவிடம் கேட்டதில்லை. என் முகத்தில் தண்ணீர் அடித்தது. அடுத்த நொடி நான் சின்னம்மாவின் தோளில் இருந்தேன். அவள் கை என் முதுகில் பலகை மாதிரி இறுகியிருந்தது. அவள் உடம்பு நடுங்கிய நடுக்கத்தில் என் பல் ஒன்றோடொன்று தட்டியது.

வந்த காலடியிலேயே திரும்பினோம். பனி கொஞ்சம் இளகியிருந்தது. கழுத்தளவு இருந்தது மார்பளவாகி, முழங்கால் அளவாயிற்று. வலைக்கம்பில் பறியை அவிழ்த்தார்கள். அந்த முடிச்சை அவிழ்க்க அம்மாவுக்கு நெடுநேரம் பிடித்தது. என்னைக் கீழே இறக்கிவிட்டார்கள். இப்போது களியில் எல்லோருடைய காலடியும் கலந்துகிடந்தது; போன கால், வந்த கால், பெரிய கால், என் கால். எல்லாவற்றிலும் இறால் வந்து ஒடுங்கியிருந்தது. நான் குனிந்து ஒன்றைப் பொத்திப் பிடித்தேன். யாருடைய காலடியோ தெரியவில்லையே, எந்தப் பறியில் போடுவது என்று இருவரையும் பார்த்தேன்.

"எதுலயாவது போடு," என்றாள் அம்மா.

கரையில் எல்லாரும் நின்றிருந்தார்கள். அத்தை இடுப்பளவு தண்ணீரில் இறங்கி, கையைக் குவித்துக் கூப்பிட்டுக் கூப்பிட்டுக் குரலே போயிருந்தது. எங்களைப் பார்த்ததும் கை இறங்கியது. கிட்டே வந்து மூன்று பேரையும் ஒரு முறை தொட்டுப் பார்த்துவிட்டு, உடனே கோபத்தை எடுத்துக்கொண்டாள்.

"எங்கமே போய்த் தொலைஞ்சே? ஊரே நடுங்கிப்போச்சு."

சின்னம்மா தலையைக் குனிந்துகொண்டாள். அம்மா முந்திக்கொண்டு சொன்னாள்.

"வழி தப்பிட்டா அண்ணி. பனியில இன்னா தெரியும்? வழி தப்பிட்டா."

எனக்கு வந்ததே ஆத்திரம். எத்தனை சாமர்த்தியம் பண்ணியவளை இப்படி வழி தெரியாதவள் என்று சொல்கிறாளே என்று. நேற்று வரிசையை விட்டுத் துரத்தினார்கள், இன்றைக்கு இது வேறா? அத்தனை பெண்களுக்கும் கேட்கிற மாதிரி நான் சொன்னேன்.

"சின்னம்மா ஒண்ணும் வழி தப்பல. ஒரு இறாலு கூட போகாம பறிய கம்புல கட்டிட்டுத்தான் போச்சு. அந்தப் பனியில ஓடை வரைக்கும் ஒரே நேராப் போச்சு. கொஞ்சங்கூட வளையவே இல்லே. நாங்க தடவிப் பாத்தோம். நம்ம வரிசையில யாராலயும் அப்டி நேரா நடக்க முடியாது."

அம்மாவின் கை வந்து என் வாயை மூடியது. மூடத்தான் வந்தது, அடிக்க வரவில்லை. ஆனால் சொன்னது சொன்னதுதான். ஒருத்தி தன் முந்தானையை எடுத்து வாயில் வைத்துக்கொண்டாள். இன்னொருத்தி மணலில் உட்கார்ந்துவிட்டாள். எல்லாரும் சின்னம்மாவைப் பார்த்தார்கள், உடனே வேறு பக்கம் பார்த்தார்கள். அத்தை மட்டும் பார்த்துக்கொண்டே இருந்தாள். அவள் வாய் இரண்டு மூன்று தடவை திறந்து மூடியது. அத்தையின் வாய் திறந்து சத்தம் வராமல் போனதை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

பிறகு அவள் சின்னம்மாவின் ஈர முடியை அள்ளி, தண்ணீரைப் பிழிந்து, கொண்டையாக முடிந்துவிட்டாள். முடிந்துகொண்டே, தொண்டை கட்டின குரலில் சொன்னாள்.

"நாளைக்கு வரிசையில வா. உங்க அக்கா பக்கத்துல வேணாம். எனக்கு அடுத்து நில்லு. கை தூரம் எல்லாம் வேணாம், ஒட்டியே நட. காலு கலந்தா கலக்கட்டும்."

வரிசையில் முதல் ஆளுக்கு அடுத்த இடம் என்றால் சாதாரணமா? ஊரில் எத்தனை பேர் அதற்கு ஆசைப்பட்டார்கள். பனியில் நேராக நடந்ததற்காகத்தான் அத்தை அந்த இடத்தைக் கொடுத்தாள், நான் எடுத்துச் சொன்னதால்தான் கொடுத்தாள் என்று நினைத்தேன். வீடு வரைக்கும் சின்னம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு துள்ளித் துள்ளி வந்தேன். எதிரே வந்தவர்களிடமெல்லாம், எங்கள் சின்னம்மா மாதிரி வழி தெரிந்தவள் இந்த ஏரியிலேயே கிடையாது என்று சொல்லிக்கொண்டு வந்தேன். அம்மா ஏன் அழுகிறாள் என்று எனக்குத் தெரியவில்லை; இடுப்பு வலி என்று நினைத்தேன்.

அவ்வளவுதான். எழுதிட்டியா? இன்னா பேனாவ கீழ வெச்சிட்டே? மூஞ்ச தொடச்சிக்கோ. முதல்லேர்ந்து ஒரு வாட்டி படிச்சுக் காட்டு, நிதானமா.